வாசகர் கேள்வி-பதில்: 1-2 பெரிதா, 0-6 பெரிதா?

கேள்வி: என் தம்பி மகள் கல்யாணமாகி அயர்லாந்தில் ஒரு கிராமத்தில் இருக்கிறாள். அந்த ஊர்க் கழகத்தில் மட்டையால் பந்தடிக்கும் ஹர்லிங், அயர்லாந்துக்கே உரிய கேலிக் கால்பந்து, ஹர்லிங்கைப் பெண்கள் ஆடும் கமோகி மூன்றும் உண்டு. கழக வரலாற்றைப் புத்தகமாகப் போடுகிறார்கள். பழைய பத்திரிகைச் செய்திகளைத் தொகுக்கும் வேலை இவளுக்கு. 1889இல் நடந்த ஒரு ஆட்டத்தில் 1-2 எடுத்த ஊர், 0-6 எடுத்த ஊரை ஜெயித்தது என்று இருக்கிறதாம். அச்சுப் பிழை என்று திருத்திவிடலாமா?
– ஒரு வாசகி, சாட்ஸ்வொர்த்

பதில்: திருத்த வேண்டாம் அம்மா. செய்தி சரியாகத்தான் இருக்கிறது.

முதல் எண் கோல், இரண்டாம் எண் புள்ளி. பந்து குறுக்குக் கம்பத்துக்குக் கீழே போனால் கோல். மேலே, இரண்டு கம்பங்களுக்கு நடுவே போனால் புள்ளி. இன்று ஒரு கோலுக்கு 3 புள்ளி. அந்தக் கணக்கில் 1-2 என்பது 5, 0-6 என்பது 6. இன்றைய விதி என்றால் முதல் ஊர்தான் தோற்றிருக்கும். ஆனால் 1892 வரை ஒரு கோல் எத்தனை புள்ளியையும் விழுங்கிவிடும். கோல் சமமாக இருந்தால்தான் புள்ளியையே எண்ணுவார்கள். 1892இல் கோலுக்கு 5 புள்ளி என்று வைத்தார்கள். அப்போதும் 1-2 ஏழாகி ஜெயித்திருக்கும். அந்தப் பத்தாண்டு முடிவதற்குள் அது 3 ஆனது. ஆகவே ஸ்கோரைக் கூட்டிப் போடாமல், பத்திரிகையில் உள்ளபடியே கோடு போட்டு அச்சிடச் சொல்லுங்கள். அந்தந்த வருஷத்து விதியை அடிக்குறிப்பில் சொன்னால் போதும்.

போட்டோவிலும் இதே சிக்கல் வரும். ஆரம்பத்தில் ஒரு பக்கத்துக்கு 21 பேர், 1892இலிருந்து 17, 1913இலிருந்து 15. 21 பேர் நிற்கும் படத்தைப் பார்த்து "ஆறு பேர் மாற்று ஆட்டக்காரர்கள்" என்று எழுதிவிடுவார்கள். கமோகியில் நேர்மாறு: 1999 வரை 12 பேர்தான். படத்தில் மூன்று பெண்கள் குறைகிறார்களே என்று தேட வேண்டியதில்லை. கோல் கம்பம் H வடிவில் இருந்தால், படம் 1910க்கு முந்தியதாக இருக்க வாய்ப்பு மிகக் குறைவு.

தொடக்க ஆண்டு விஷயத்தில் கொஞ்சம் கறாராக இருக்கச் சொல்லுங்கள். இந்த ஆட்டங்களை நடத்தும் கேலிக் விளையாட்டுச் சங்கம் 1884 நவம்பர் 1 அன்று தர்லஸ் ஊரில், மைக்கேல் கியூசக் முன்னின்று கூட்டிய கூட்டத்தில் பிறந்தது. கழகங்கள் பெரும்பாலும் கத்தோலிக்கப் பங்கு வாரியாக அமைந்தன. 1890 கடைசியில் அயர்லாந்து தேசியவாதத் தலைவர் பார்னெல் தலைமை பற்றி எழுந்த அரசியல் பிளவில் ஏராளமான கழகங்கள் கலைந்துபோயின. இடைவெளி விட்டு வேறு பெயரில் திரும்பி வந்தவையும் உண்டு. "அன்று முதல் இன்று வரை" என்று ஒரே கோடாக இழுத்தால் அந்த இடைவெளி மறைந்துபோகும். ஆடியவர்கள் யார், எந்த வீட்டுப் பிள்ளைகள் என்று பார்க்க 1901, 1911 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின் வீட்டுத் தாள்கள் இணையத்தில் இலவசமாகவே கிடைக்கின்றன.

கேள்வி: எங்கள் கால்பந்துக் கழகம், டர்பன் மாநகராட்சியின் இந்தியத் தொழிலாளர் குடியிருப்பான மேகஸின் பாராக்ஸில் தொடங்கியது. மிச்சம் இருப்பது ஒரு மினிட் புத்தகம் (கூட்டக் குறிப்பேடு), ஒரு வரவு செலவுக் கணக்கு, கொஞ்சம் போட்டோ. தொடங்கிய வருஷத்தைப் பெரியவர்கள் ஆளுக்கு ஒன்றாகச் சொல்கிறார்கள். எங்கிருந்து ஆரம்பிப்பது?
– ஒரு வாசகர், டர்பன்

பதில்: கணக்குப் புத்தகத்தில் ஆரம்பியுங்கள் ஐயா. மனிதர் மறப்பார், சந்தா எழுதிய கை பொய் சொல்லாது. பவுன், ஷில்லிங் என்று இருந்தால் அந்தப் பக்கம் 1961 பிப்ரவரி 14க்கு முந்தியது. அன்றுதான் தென்னாப்பிரிக்காவில் ராண்ட் நாணயம் வந்தது. 10 ஷில்லிங் 1 ராண்ட் ஆனது. சந்தா 2 ஷில்லிங்கிலிருந்து 20 சென்டாக மாறும் பக்கத்தைக் கண்டுபிடித்து விட்டால், அதிலிருந்து முன்னும் பின்னும் வருஷங்களை எண்ணிக்கொண்டே போகலாம்.

பெரியவர்களிடம் "எந்த வருஷம்?" என்று கேட்காதீர்கள். "1949 டர்பன் கலவரத்துக்கு முன்பா பின்பா? சாட்ஸ்வொர்த்துக்குக் குடிவந்த பிறகா? யார் கல்யாணத்துக்கு முன்னால்?" என்று கேளுங்கள். பாராக்ஸிலிருந்து 1960களில் சாட்ஸ்வொர்த்துக்குக் கிளப்பப்பட்ட நாள் யாருக்கும் மறக்காது. ஒவ்வொருவரையும் தனித்தனியாகப் பாருங்கள். நாலு பேரை ஒன்றாக உட்காரவைத்தால் குரல் உயர்ந்தவர் சொன்னதே எல்லாருக்கும் நினைவாகிவிடும்.

பெயர்கள்தான் பெரிய தலைவலி. கவுண்டர் கோவெண்டர் ஆனார், முதலி மூட்லி ஆனார். அப்பன் பெயரே சில வீடுகளில் குடும்பப் பெயராகிவிட்டது. அதனால் ஒரே வயிற்றில் பிறந்த இருவர் இரண்டு குடும்பப் பெயரோடு ஆடியிருக்கலாம். ஒரே அணியில் எம். கோவெண்டர் மூன்று பேர் இருக்கலாம். மைதானத்தில் கூப்பிட்ட பட்டப்பெயரையும் கூடவே எழுதி வையுங்கள். பேரப்பிள்ளைகள் அடையாளம் சொல்வது பெரும்பாலும் அதை வைத்துத்தான்.

போட்டோவைத் தொடுமுன் கையைக் கழுவித் துடைத்துக்கொள்ளுங்கள். டர்பன் ஈரக்காற்றில் பூஞ்சையும் ராமபாணப் பூச்சியும் சீக்கிரம் வரும். பசை ஒட்டிய, மேலே பிளாஸ்டிக் தாள் மூடும் ஆல்பம்தான் அதைவிட மோசம். பசை படத்தைப் பிடித்துக்கொண்டால் பிய்த்து இழுக்காதீர்கள், முகம் ஆல்பத்திலேயே தங்கிவிடும். பக்கத்தோடு அப்படியே ஸ்கேன் செய்யுங்கள். அஞ்சலட்டை அளவுப் படத்துக்கு ஸ்கேன் நுணுக்கம் 600 டிபிஐ போதும். டிஃப் கோப்பாகச் சேமித்து, இரண்டு வீட்டில் இரண்டு பிரதி வையுங்கள். பின்புறம் எழுத மென்மையான பென்சில்தான், அதுவும் ஓரமாக. பால்பாயிண்ட் பேனா முன்பக்கம் வரை அழுந்தும். ரப்பர் பேண்டு, குண்டூசி, செலோடேப் மூன்றையும் கிட்டே சேர்க்க வேண்டாம். ஆள் அடையாளம் குறிக்க ஒரு நகல் எடுத்து, ஒவ்வொரு தலையிலும் எண் போட்டுப் பட்டியல் எழுதுங்கள்.

வெளியே தேட வேண்டியதும் நிறைய உண்டு. தென்னாப்பிரிக்க இந்தியர் கால்பந்துச் சங்கம் 1903இலேயே உருவானது; சாம் சைனா கோப்பைக்கான மாகாண ஆட்டங்களும் அப்போதுதான் ஆரம்பித்தன. அதே ஆண்டில் தொடங்கிய 'இந்தியன் ஒப்பினியன்', பிறகு வந்த 'லீடர்', 'கிராஃபிக்' பத்திரிகைகளில் விளையாட்டுப் பக்கத்தைப் புரட்டுங்கள். க்வாஸூலு-நேட்டால் பல்கலைக்கழகத்தின் வெஸ்ட்வில் வளாகத்தில் உள்ள காந்தி-லுத்துலி ஆவண மையத்தில் கேட்டுப் பாருங்கள். உங்கள் கழகத்தின் பெயர் எதிரணி வரிசையில்தான் முதலில் அகப்படும். ஆகவே ஜெயித்தவர்களின் செய்தியையும் விடாமல் படியுங்கள்.

கேள்வி: கழகத்துப் பெண்களைப் பற்றி மினிட்டில் ஒன்றுமே இல்லை. "உதவிய தாய்மார்களுக்கு நன்றி" என்று ஒரு வரி போட்டால் போதாதா?
– ஒரு வாசகர், ஃபீனிக்ஸ்

பதில்: போதாது. அயர்லாந்தில் கமோகிக்கு 1904இலேயே தனிச் சங்கம் வந்துவிட்டது. அதனால் ஆண்கள் கழகத்தின் குறிப்பேட்டில் அவர்கள் பெயர் இல்லாவிட்டால், அவர்கள் ஆடவில்லை என்று அர்த்தமில்லை. அவர்கள் குறிப்பேடு வேறொரு வீட்டுப் பெட்டியில் இருக்கலாம். உங்கள் கணக்கிலும் செலவுப் பக்கத்தைப் பாருங்கள்: வெளியூர் அணிக்குச் சாப்பாடு, ஜெர்சி தைத்த கூலி, ராஃபிள் சீட்டு வரவு. ஒவ்வொரு வரியையும் எடுத்துக்கொண்டு அந்த வீட்டுப் பாட்டிமாரிடம் போங்கள். பானை எத்தனை, அரிசி எத்தனை, பணம் யார் கொடுத்தார்கள் என்று கேளுங்கள். பெயரோடு பதில் வரும்.