மகன் பையில் வேப்: சோதனை கிட்டுக்கும் சிரப்புக்கும் காசைக் கொடுக்காதீர்கள்

கேள்வி: தென்னாப்பிரிக்காவில், டர்பனின் சாட்ஸ்வொர்த்தில் இருக்கிறோம். 15 வயது மகனின் பள்ளிப் பையில் ஹைலைட்டர் பேனா போல ஒரு வேப் (மின்சிகரெட்) கிடைத்தது. “வெறும் மாம்பழ ஃபிளேவர், நிக்கோட்டின் இல்லை” என்கிறான். அவனுக்குச் சின்ன வயதிலிருந்தே ஆஸ்துமா. சிறுநீரைச் சோதிக்கும் கிட்டும், நுரையீரலைச் சுத்தம் செய்யும் சிரப்பும் ஒருவர் வாட்ஸ்அப்பில் விற்கிறார். வாங்கலாமா?

பதில்: இரண்டையும் வாங்காதீர்கள். குடித்து நுரையீரலைக் கழுவும் மருந்து என்று ஒன்று கிடையாது. பயந்துபோன பெற்றோரைத் தேடிப் பிடித்து விற்கும் சரக்கு அது. வேப்பை நிறுத்தினால் நுரையீரல் தன்னைத்தானே கொஞ்சம் கொஞ்சமாகத் தேற்றிக்கொள்ளும். அதற்கு யாருக்கும் பணம் கட்ட வேண்டாம்.

கிட்டிலும் இதே ஏமாற்றுதான். இப்படி விற்கும் போதைப்பொருள் கிட்டுகள் பெரும்பாலும் கஞ்சா போன்றவற்றைத்தான் பார்க்கும், நிக்கோட்டினைப் பார்க்காது. நிக்கோட்டினுக்கென்றே இருக்கும் சோதனையும் கடந்த சில நாட்களைத்தான் காட்டும். “ஒன்றுமில்லை” என்று வந்தால் நீங்கள் நிம்மதியாகத் தூங்குவீர்கள், பையன் அடுத்த வாரம் தொடர்வான். அதோடு, சிறுநீரைக் கேட்ட அம்மாவிடம் பிள்ளை அப்புறம் மனம் விட்டுப் பேச மாட்டான்.

“நிக்கோட்டின் இல்லை” என்று அவன் உண்மையாகவே நம்பியிருக்கலாம். ஆனால் அப்படி எழுதி விற்ற திரவங்களிலும் ஆய்வகச் சோதனையில் நிக்கோட்டின் கிடைத்திருக்கிறது. பெட்டியில் 5% என்று இருந்தால் ஒரு மில்லிலிட்டரில் 50 மில்லிகிராம். ஒரு சிகரெட்டிலிருந்து உடம்பில் ஏறுவது சுமார் 1 முதல் 2 மில்லிகிராம்தான். இவ்வளவு இருந்தும் தொண்டை எரியாததற்குக் காரணம், நிக்கோட்டினோடு அமிலம் சேர்த்து உப்பாக்கி அதன் காரத்தைக் குறைத்திருப்பதுதான். இருமல் வராததால் பிள்ளைக்கு அளவு தெரிவதில்லை. மூளை 25 வயது வரை வளர்கிறது, அதனால் இந்த வயதில் பழக்கம் சீக்கிரம் பிடித்துக்கொள்ளும். கண்டுபிடிக்க ஒரு கேள்வி போதும்: காலையில் எழுந்து எவ்வளவு நேரத்தில் முதல் இழுப்பு? அரை மணிக்குள் என்றால் அடிமையாகிவிட்டான் என்று பொருள், வெறும் திட்டு வேலைக்கு ஆகாது.

இனி ஆஸ்துமா. உங்கள் மகன் விஷயத்தில் என்னைக் கவலைப்படுத்துவது இதுதான். வேப்பின் ஆவி ஏற்கெனவே வீங்கியிருக்கும் மூச்சுக்குழாயை உறுத்தும். பையன் மூச்சுத்திணறலை உடனே தணிக்கும் நீல பம்பை அடித்து மூச்சைச் சரிசெய்துகொண்டு மறுபடி இழுப்பான். பம்ப் வழக்கத்தைவிடச் சீக்கிரம் தீர்கிறதா பாருங்கள். வாரத்தில் இரண்டு முறைக்கு மேல் நீல பம்ப் தேவைப்பட்டால் ஆஸ்துமா கட்டுப்பாட்டில் இல்லை. தினமும் எடுக்க வேண்டிய தடுப்பு பம்பை “ஸ்டீராய்டு” என்று பயந்து நிறுத்தாதீர்கள். வேப் பிடிக்கும் பையன் தடுப்பு பம்பை விட்டால் ஆபத்து இரட்டிப்பு. பம்ப் அடித்தும் மூச்சு அடங்கவில்லை, ஒரு வாக்கியத்தை முழுதாகச் சொல்ல முடியவில்லை, உதடு நீலம் பாய்கிறது என்றால் உடனே ஆஸ்பத்திரி. காய்ச்சல், வாந்தியோடு மூச்சுத்திணறல் வந்தாலும் அப்படியே. அங்கே வேப் பிடிக்கிறான் என்பதை வெட்கப்படாமல் முதலிலேயே சொல்லுங்கள். 2019-20இல் அமெரிக்காவில் வேப்பால் நுரையீரல் பாதித்து 2,800 பேர் வரை ஆஸ்பத்திரியில் சேர்ந்தார்கள், 68 பேர் இறந்தார்கள். அதில் முக்கியமான குற்றவாளி கஞ்சாத் திரவத்தில் கலந்த வைட்டமின் ஈ எண்ணெய். கைமாறி வந்த வேப்பில் என்ன இருக்கிறது என்று உங்கள் மகனுக்கும் தெரியாது.

“நிக்கோட்டின் குறைந்தது தருகிறேன், மெல்ல மெல்ல விடட்டும்” என்று கடைக்காரர் சொன்னால் கேட்காதீர்கள். அவருக்குத் தேவை வாடிக்கையாளர்.

சட்டம் காப்பாற்றும் என்றும் காத்திருக்க முடியாது. 1993ஆம் ஆண்டுப் புகையிலைச் சட்டம் வேப்பைத் தொடுவதில்லை. வேப்பையும் கட்டுப்படுத்தும் புதிய மசோதா 2022 டிசம்பரில் நாடாளுமன்றத்துக்கு வந்தது, 2024 தேர்தலோடு காலாவதியானது, பிறகு மறுபடி எழுப்பினார்கள். வரி மட்டும் தாமதமாகவில்லை: 2023 ஜூனிலேயே மில்லிலிட்டருக்கு 2.90 ரேண்ட் என்று தொடங்கிவிட்டது. பிள்ளைகள் இழுப்பதில் வருமானம் பார்க்கத் தெரிந்த அரசுக்கு, அவர்களுக்கு விற்பதைத் தடுக்க இத்தனை ஆண்டுகள் போதவில்லை என்பதை என்னால் ஏற்க முடியவில்லை.

இந்த வாரமே அவனை கிளினிக்குக்கு அழைத்துப் போங்கள். விட்ட முதல் இரண்டு மூன்று நாள் எரிச்சலும் தூக்கமின்மையும் உச்சத்தில் இருக்கும், சில வாரத்தில் அடங்கும். பரீட்சை வாரத்தில் தொடங்க வேண்டாம். நிக்கோட்டின் பிளாஸ்திரி, சூயிங் கம் எதையும் டாக்டரைக் கேட்காமல் கெமிஸ்டில் வாங்கிக் கொடுக்காதீர்கள். வேப்பையும் அவனுடைய பம்புகளையும் ஒரு பையில் போட்டு எடுத்துச் செல்லுங்கள். டாக்டரிடம் கொஞ்ச நேரம் அவனைத் தனியாகப் பேச விட்டு நீங்கள் வெளியே உட்காருங்கள். விஷயம் புரியும் பக்குவம் இருந்தால் 12 வயதுக்கு மேற்பட்ட பிள்ளை தன் சிகிச்சைக்குத் தானே சம்மதம் தரலாம் என்று இந்த நாட்டுச் சட்டமே சொல்கிறது.