வாசகர் கேள்வி பதில்: கிரகணமும் உலக்கையும்

மாதந்தோறும் அமாவாசை வரும்போது சூரிய கிரகணம் மட்டும் ஏன் எப்போதாவது வருகிறது? (வாசகர், வாடிப்பட்டி)

அமாவாசையன்று சந்திரன் சூரியனுக்கும் பூமிக்கும் இடையே வருவது உண்மைதான். ஆனால் சந்திரன் பூமியைச் சுற்றும் தளம், பூமி சூரியனைச் சுற்றும் தளத்துக்கு ஏறத்தாழ 5 பாகை சாய்ந்திருப்பதால், பெரும்பாலான அமாவாசைகளில் சந்திரனின் நிழல் பூமியைத் தொடாமல் மேலாகவோ கீழாகவோ கடந்துவிடுகிறது. இரு தளங்களும் வெட்டிக்கொள்ளும் புள்ளிகள் இரண்டில் ஒன்றன் அருகே சந்திரன் இருக்கையில் அமாவாசையும் சேர்ந்தால்தான் கிரகணம். பஞ்சாங்கக் கணக்கில் ராகு, கேது எனப்படுபவை இந்தப் புள்ளிகளே. பாம்பு விழுங்குவதாகக் கதை சொன்ன அதே மரபுதான், கிரகணம் பிடிக்கும் நேரத்தையும் விடும் நேரத்தையும் முன்கூட்டியே கணித்துத் தந்திருக்கிறது.

2019 டிசம்பர் 26 அன்று எங்கள் தெருவில் தாம்பாளத்தில் தண்ணீர் ஊற்றி உலக்கையை நிறுத்தினோம். கிரகணம் விடும்வரை விழவில்லை. ஈர்ப்பு விசைதான் காரணம் என்கிறார்களே? அன்று சூரியன் வளையமாகத் தெரிந்ததும் ஏன்? (வாசகி, நத்தம்)

உலக்கை நின்றதை மறுக்கவில்லை. அது எந்த நாளிலும் நிற்கும். பூண் கட்டிய அதன் அடிப்பகுதி தட்டையானது. எடை நடுவில் விழும்படி பொறுமையாக நிறுத்தினால், யாரும் தட்டிவிடாதவரை நின்றுகொண்டுதான் இருக்கும். கிரகணமல்லாத ஒரு சாதாரணச் செவ்வாய்க்கிழமையில் யாரும் அதை நிறுத்திப் பார்ப்பதில்லை என்பதே இந்த நம்பிக்கையின் பலம். அன்று காலை ஒன்பதரை மணியளவில் சூரியனும் சந்திரனும் தென்கிழக்கு வானில் இருந்தன. அவற்றின் இழுப்பு உலக்கையைப் பிடித்து வைக்கும் அளவுக்கு வலுவானது என்றால், அது நேராக நிற்காமல் தென்கிழக்கே சாய்ந்தல்லவா நின்றிருக்க வேண்டும்?

வளையத்துக்கு வருவோம். சூரியனின் விட்டம் சந்திரனின் விட்டத்தைப்போல் சுமார் 400 மடங்கு. தொலைவும் ஏறத்தாழ அதே 400 மடங்கு என்பதால் இரண்டும் நம் கண்ணுக்கு ஒரே அளவாகத் தெரிகின்றன. ஆனால் சந்திரனின் தொலைவு சுமார் 3,56,000 கிலோமீட்டர் முதல் 4,06,000 கிலோமீட்டர் வரை மாறிக்கொண்டே இருக்கிறது. பூமியோ ஜனவரித் தொடக்கத்தில் சூரியனுக்கு மிக அருகில் வருவதால், டிசம்பர் இறுதியில் சூரியன் சற்றுப் பெரிதாகவே தெரியும். அன்று சந்திரனால் அதை முழுதும் மூட முடியவில்லை; எஞ்சிய விளிம்புதான் நீங்கள் கண்ட கங்கணம். முழு கிரகணமும் தமிழ்நாட்டுக்கு அந்நியமன்று: 1871 டிசம்பர் 12 அன்று சந்திரனின் முழுநிழல் நீலகிரி, அவிநாசி, புதுக்கோட்டை வழியாகச் சென்றது, அதைக் காண்பதற்கென்றே பிரெஞ்சு வானியலர் ழான்சென் நீலகிரிக்கு வந்து முகாமிட்டார்.

எக்ஸ்ரே பிலிம் வழியாகவோ, சாணி கரைத்த நீரிலோ கிரகணத்தைப் பார்க்கலாமா? கர்ப்பிணியான என் மகளை வெளியே விடலாமா? (வாசகி, திருமங்கலம்)

இரண்டு வழியும் வேண்டாம். விழித்திரைக்கு வலி தெரியாது; அது கருகும்போது ஓர் எச்சரிக்கையும் கிடைக்காது, பார்வை மங்கிய பிறகே தெரியவரும். தரச்சான்று பெற்ற கிரகணக் கண்ணாடியே ஏற்றது. அது இல்லையென்றால் வேப்பமரத்தடியில் நின்று தரையைப் பாருங்கள்: இலை இடுக்குகள் ஒவ்வொன்றும் ஊசித்துளையாகச் செயல்பட்டு, நூற்றுக்கணக்கான பிறைச் சூரியன்களை நிழலுக்கிடையே விழச் செய்யும். வானத்தை நிமிர்ந்து பார்ப்பதைவிட எனக்கு இதுவே பிடித்த காட்சி.

தங்கள் மகளுக்கும் வயிற்றுப் பிள்ளைக்கும் கிரகண ஒளியால் ஒரு கெடுதலும் இல்லை. மணிக்கணக்கில் சோறு தண்ணீர் இல்லாமல் அறைக்குள் அடைத்து வைப்பதுதான் கெடுதல்.

மதுரையிலிருந்தே வளையத்தைப் பார்க்கும் வாய்ப்பு வருமா? (வாசகர், செல்லூர்)

வரும். 2019இல் மதுரை நகரம், வளையம் தெரிந்த நிலப்பகுதியான கிரகணப் பாதையின் தெற்கு விளிம்பை ஒட்டியிருந்தது. 2031 மே 21 அன்று தேனி, மதுரை, காரைக்குடி ஆகிய ஊர்கள் பாதைக்குள்ளேயே வருகின்றன. கத்திரி வெயில் காலத்துப் புதன்கிழமை, பகல் ஒரு மணியை ஒட்டிய நேரம். பள்ளி விடுமுறை என்பதால் பிள்ளைகளும் வீட்டில் இருப்பார்கள். சூரியனின் முகத்தில் பத்தில் ஒன்பது பங்குக்கு மேல் மறைந்தாலும் இருட்டிவிடாது. வெயில் வெளிறி, சூடு சற்றுத் தணியும், அவ்வளவே. முழு கிரகணத்தின்போது சூரியன் முற்றிலும் மறைந்திருக்கும் சில நிமிடங்களுக்கு மட்டும் வெறுங்கண்ணால் பார்க்கலாம் என்ற சலுகை உண்டு. அது வளைய கிரகணத்துக்குப் பொருந்தாது. கண்ணாடியைத் தொடக்கம் முதல் முடிவுவரை கழற்றக் கூடாது.