ஸ்கார்லெட் லெட்டர்: 1979 தொடரா, 1995 படமா?

ஸ்கார்லெட் லெட்டர் நாவலைப் படிக்காமல் திரையில் பார்ப்பதென்றால் எது நல்லது என்று கேட்டிருக்கிறீர்கள். யோசிக்கவே வேண்டாம், 1979 தொடர்தான். பாஸ்டனின் டபிள்யூஜிபிஎச் தொலைக்காட்சி நிலையம் 4 பகுதிகளாக எடுத்தது. மெக் ஃபாஸ்டர்தான் நாயகி ஹெஸ்டர், ஜான் ஹெர்ட் பாதிரியார் டிம்ஸ்டேல்.

அமெரிக்க எழுத்தாளர் ஹாதார்னின் 1850 நாவலில் கதை தொடங்கும் முன்பே ஹெஸ்டருக்கும் டிம்ஸ்டேலுக்குமான கள்ள உறவு முடிந்துவிடுகிறது, மிச்சமெல்லாம் குற்ற உணர்ச்சிதான்: அவள் தண்டனையாக மார்பில் சிவப்பு எழுத்தோடு ஊர் முன்னால் நிற்கிறாள், அவரோ எல்லாவற்றையும் உள்ளுக்குள் புதைத்துவிட்டு, ஊருக்கு உபதேசம் செய்துகொண்டே வருஷக்கணக்கில் உருக்குலைகிறார். இதைக் காட்ட அவசரமில்லாத தொடர்தான் சரி, கொஞ்சம் நாடகமேடை வாடை அடித்தாலும்.

டெமி மூர் நடித்த 1995 படமோ அந்த உறவையே விலாவாரியாகக் காட்டி, தண்டனை மேடையில் சாக வேண்டிய பாதிரியாரைக் கடைசியில் ஹெஸ்டரோடு வண்டியேற்றி அனுப்பிவிடுகிறது. அப்புறம் அதற்கு அந்தப் பெயர் எதற்கு?