பாய்னிங்ஸ் சட்டமும் அயர்லாந்தும்: குழப்பம் எங்கே?

"பாய்னிங்ஸ் சட்டத்தால்தான் இங்கிலாந்துச் சட்டங்கள் அயர்லாந்து முழுவதும் அமலுக்கு வந்தனவா?" என்று கேட்டிருக்கிறீர்கள். பாதி சரி. அந்த "முழுவதும்"தான் இடிக்கிறது. போதாக்குறைக்கு, அந்தப் பெயரில் இரண்டு சட்டங்கள் உலவுகின்றன.

1494 டிசம்பரில் ட்ரோஹெடா நகரில் அயர்லாந்து நாடாளுமன்றம் கூடியது. கூட்டியவர், இங்கிலாந்து மன்னர் ஏழாம் ஹென்றி அனுப்பிவைத்த துணை ஆளுநர் சர் எட்வர்ட் பாய்னிங்ஸ். இங்கிலாந்தில் பொதுநலன் கருதி அண்மையில் இயற்றப்பட்ட சட்டங்கள் இனி அயர்லாந்திலும் செல்லும் என்றது அங்கே நிறைவேறிய ஒரு சட்டம். பிற்காலச் சட்ட அறிஞர்கள் அந்த "அண்மை"யைத் தாராளமாக விரித்து, அதற்கு முந்தைய பொதுச் சட்டங்கள் அனைத்தையும் உள்ளே சேர்த்துவிட்டார்கள். 1351ஆம் ஆண்டின் ராஜத்துரோகச் சட்டம் கடல் தாண்டியது இந்த வழியில்தான். நீங்கள் கேட்பது இந்தச் சட்டத்தை.

வரலாற்று நூல்கள் பாய்னிங்ஸ் சட்டம் என்று பெரும்பாலும் குறிப்பிடுவது இன்னொன்றை. மசோதாக்களை முன்கூட்டியே இங்கிலாந்துக்கு அனுப்ப வேண்டும். மன்னரும் அவருடைய ஆலோசனைக் குழுவும் ஒப்புதல் தந்து முத்திரையிட்ட பிறகே அயர்லாந்தில் நாடாளுமன்றத்தைக் கூட்டலாம் என்பது அது.

மன்னருக்கு ஏன் இவ்வளவு பயம்? 1460இல் இதே ட்ரோஹெடாவில் கூடிய நாடாளுமன்றம், தான் ஏற்றுக்கொண்ட சட்டங்கள் மட்டுமே அயர்லாந்தைக் கட்டுப்படுத்தும் என்று அறிவித்திருந்தது. 1487இல் லாம்பர்ட் சிம்னெல் என்ற சிறுவனை அரச வாரிசு என்று சொல்லி டப்ளின் தேவாலயத்தில் முடிசூட்டினார்கள். அதற்குத் துணை நின்றவர் வேறு யாருமில்லை, ஆங்கில வம்சாவளியைச் சேர்ந்த, மன்னரின் துணை ஆளுநராக இருந்த கில்டேர் பிரபுவேதான். 1491இல் பெர்கின் வார்பெக் என்ற அடுத்த போலி வாரிசு கார்க் துறைமுகத்தில் வந்து இறங்கினான். ஆகவே என் பார்வையில் இந்தச் சட்டங்களின் குறி அயர்லாந்தின் பூர்வகுடிகள் அல்ல. ஆங்கில வம்சாவளிப் பிரபுக்கள்தான். பூர்வகுடிகளில் பெரும்பாலோர் தங்கள் பழைய மரபுச் சட்டமான பிரெஹோன் நீதிமுறைப்படியே வாழ்ந்துகொண்டிருந்தார்கள். "முழுவதும்" என்பது இடிப்பது இங்கேதான்.

அதே நாடாளுமன்றம் செய்த சில்லறைச் சட்டங்களைப் பார்த்தால் நிலைமை இன்னும் நன்றாக விளங்கும். டப்ளினைச் சுற்றி ஆங்கில ஆட்சி உண்மையில் செல்லுபடியான 'பேல்' பகுதியின் எல்லையில், அங்கே நிலம் வைத்திருப்பவர்கள் ஆறடி உயரத்துக்கு இரட்டை வரப்பு எழுப்ப வேண்டும் என்று ஒரு சட்டம். நாட்டுக்கே சட்டம் போட்டவர்கள் மாடு திருட வருபவர்களுக்குப் பயந்து மண்மேடு கட்டிக்கொண்டிருந்தார்கள்! இன்னொரு சட்டம் போர் முழக்கங்களைப் பற்றியது. கில்டேர் ஆட்கள் "க்ரோம் அபூ" என்றும், பரம எதிரிகளான பட்லர் ஆட்கள் "பட்லர் அபூ" என்றும் கத்தக்கூடாது. புனித ஜார்ஜ் பெயரையோ மன்னர் பெயரையோதான் சொல்ல வேண்டும்.

கில்டேரைத் துரோகி என்று அறிவித்ததும் இதே சபைதான். கைதாகி இங்கிலாந்துக்குப் போனவர், 1496இல் மறுபடியும் துணை ஆளுநராகவே திரும்பினார். படை வைத்து ஆள்வதைவிட அவரை வைத்து ஆள்வது மன்னருக்கு மலிவு.

மசோதா விதிக்கு ஒரு விசித்திரமான பின்கதை உண்டு. துணை ஆளுநர்கள் இஷ்டத்துக்குச் சட்டம் போடாமல் தடுத்ததால், 16ஆம் நூற்றாண்டில் பேல் பகுதி ஆங்கிலேயர்கள் அதைத் தங்களுக்குப் பாதுகாப்பு என்றே கருதினார்கள். 18ஆம் நூற்றாண்டில் அதுவே டப்ளின் நாடாளுமன்றத்தின் கழுத்தை நெரிக்கும் கயிறானது. அந்த நாடாளுமன்றத்தின் உறுப்பினர் ஹென்றி கிராட்டன் போன்றோரின் போராட்டத்துக்குப் பிறகு, 1782இல் யெல்வர்டன் சட்டம் அதன் பிடியைத் தளர்த்தியது.

தேர்வுக்காகக் கேட்டிருந்தால் ஒரு குறிப்பு: சில நூல்களில் 1494 என்றும் சிலவற்றில் 1495 என்றும் இருக்கும். கூட்டத்தொடர் டிசம்பரில் தொடங்கி மறு ஆண்டும் நீடித்ததால் இரண்டும் புழக்கத்தில் இருக்கின்றன.