வாசகர் கேள்வி – பதில்: கணினி வந்தும் அலைச்சல் தீரவில்லையே?

கேள்வி: பட்டா மாறுதலுக்கு இணையவழியில் விண்ணப்பித்தேன். ஆயினும், மூன்று முறை அலுவலகத்துக்கு நேரில் போக நேர்ந்தது. அரசுச் சேவைகளைக் கணினிக்கு மாற்றுவதால் மக்களுக்கு உண்மையிலேயே பயன் உண்டா?
– வாசகர் ஒருவர், தஞ்சை மாவட்டம்

பதில்: உண்டு. கணினியோடு சேர்த்து அலுவலக நடைமுறையையும் மாற்றிய இடங்களில் அந்தப் பயன் கண்கூடாகத் தெரிந்திருக்கிறது. நமக்கு மிக அருகில் உள்ள சான்று கர்நாடகத்தின் ‘பூமி’ திட்டம். அங்கே ஏறத்தாழ 67 லட்சம் விவசாயிகளின் 2 கோடி நில ஆவணங்கள் கணினியில் ஏற்றப்பட்டு, 2001 வாக்கில் தாலுகா அலுவலகச் சேவை மையங்களில் 15 ரூபாய்க்கு நகல் வழங்கப்பட்டது. அதற்கு முன் அந்த ஏடுகள் சுமார் 9,000 கிராமக் கணக்கர்களின் கையில் இருந்தன. நகல் வேண்டிய விவசாயி கணக்கரைத் தேடிப் பிடிக்க வேண்டும். பல இடங்களில் கையூட்டும் கொடுக்க வேண்டும்.

அத்திட்டத்தில் நான் பெரிதும் மதிப்பது, கையால் எழுதிய நகலுக்கு இருந்த சட்ட மதிப்பை நீக்கிய துணிவை. பழைய வாசலைத் திறந்து வைத்துக்கொண்டு புதிய வாசலைக் கட்டினால், கூட்டம் பழைய வாசலுக்கே திருப்பிவிடப்படும். அதோடு, பெயர் மாற்ற மனுக்களை வந்த வரிசையிலேயே முடிக்குமாறு மென்பொருளை அமைத்தார்கள். வேண்டியவரின் மனுவை முன்னே நகர்த்தவோ, வேண்டாதவரின் மனுவை அடியில் போட்டு வைக்கவோ வழி குறைந்தது. அலுவலர் கைரேகை வைத்தே உள்ளே நுழைய வேண்டும் என்பதால், எந்தப் பதிவை யார் மாற்றினார் என்பதும் தெரிந்தது. கணினியில் என்ன நடக்கிறது என்று விவசாயியும் பார்க்கும்படி, அவர் பக்கமாக இன்னொரு திரையையும் வைத்தார்கள். சிறிய ஏற்பாடுதான், ஆனால் எளியவரை மதித்துச் செய்த ஏற்பாடு.

ஏட்டில் இருந்த பிழை கணினிக்கும் அப்படியே வந்துவிடும் என்பதையும் சொல்ல வேண்டும். இறந்துபோன பாட்டனார் பெயரிலேயே கிடக்கும் நிலத்தை எந்த மென்பொருளும் தானாகப் பிரித்துக் கொடுக்காது.

உங்கள் மனுவில் உட்பிரிவு தேவைப்பட்டால், நில அளவர் நேரில் வந்து அளந்தே ஆக வேண்டும். ஆனால் அது அவர் உங்கள் நிலத்துக்கு வர வேண்டிய பயணம். ஆவணங்களைப் பதிவேற்றிய நீங்கள் மூன்று முறை அலுவலகப் படி ஏறியதற்கு அது காரணமாகாது. மனு எந்த நாளில் எந்த அலுவலரிடம் இருந்தது என்பதை, ஒப்புகை எண்ணைக் குறிப்பிட்டு, 2005ஆம் ஆண்டின் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்படி எழுதிக் கேளுங்கள். 30 நாட்களுக்குள் அவர்கள் பதில் தர வேண்டும்.

கேள்வி: எல்லா விவரங்களும் கணினிக்குப் போய்விட்டால், யார் வேண்டுமானாலும் பார்க்கலாமே?
– வாசகி ஒருவர், கோவை

பதில்: உங்கள் அச்சம் நியாயமானது. சுமார் 13 லட்சம் மக்கள் வாழும் ஐரோப்பிய நாடான எஸ்தோனியாவில், ஒவ்வொரு துறையின் தரவும் அந்தந்தத் துறையிடமே இருக்கிறது. 2001 முதல் இயங்கும் ‘எக்ஸ்-ரோடு’ என்னும் இணைப்பு வழியே, தேவையானது மட்டும் பரிமாறப்படுகிறது. தம் விவரத்தை எந்த அரசு அமைப்பு எப்போது பார்த்தது என்பதைக் குடிமக்களே அரசின் இணையதளத்தில் பார்த்துக்கொள்ளலாம். இந்த வசதியை நம் அரசுகளிடமும் நாம் கேட்க வேண்டும்.