நாசகாரிக் கப்பல்கள்: ஏவுகணையும் குளிர்நீரும் – வாசகர் கேள்வி-பதில்

இந்தியக் கடற்படையின் நாசகாரிக் கப்பலான (டெஸ்ட்ராயர்) ஐ.என்.எஸ். சூரத் பற்றி எழுதிய பிறகு வந்த கடிதங்களில் பெரும்பாலானவை சுற்றிச் சுற்றி "எத்தனை ஏவுகணை?" என்றே கேட்கின்றன. நான் இயந்திர அறையில் பாதி ஆயுளைக் கழித்தவன். என்னிடம் கேட்டால் பேச்சு எப்படியும் மின்சாரத்திலும் தண்ணீரிலும் போய்த்தான் நிற்கும். பொறுத்துக்கொள்ளுங்கள்.

கேள்வி: நாசகாரி என்ற பெயரே விந்தையாக இருக்கிறது. மற்ற போர்க்கப்பல்கள் எல்லாம் நாசம் செய்யாதவையா? (காரைக்குடி)

பெயரின் முன்பாதி காலப்போக்கில் உதிர்ந்துவிட்டது. முழுப்பெயர் 'டார்பிடோ படகு நாசகாரி'. டார்பிடோ என்பது நீருக்கடியில் பாய்ந்து கப்பலைத் தாக்கும் குண்டு. 19ஆம் நூற்றாண்டின் கடைசியில் சின்னஞ்சிறு டார்பிடோ படகுகள் பெரிய போர்க்கப்பல்களுக்குச் சிம்மசொப்பனமாயின. அவற்றைத் துரத்திப் பிடிக்க பிரிட்டன் 1893இல் 'ஹேவக்' என்ற கப்பலைக் கட்டியது. எடை 300 டன்கூட இல்லை. 1914 செப்டம்பரில் சென்னைத் துறைமுகத்து எண்ணெய்த் தொட்டிகளைக் கொளுத்திவிட்டு, தமிழுக்கு ஒரு சொல்லையும் கொடுத்துவிட்டுப் போன 'எம்டன்' என்ற ஜெர்மன் போர்க்கப்பல், அடுத்த மாதமே பினாங்கில் 'மூஸ்கே' என்ற பிரெஞ்சு நாசகாரியை மூழ்கடித்தது. அதுவும் 300 டன் அளவுதான்.

இன்றைய நாசகாரிகள் 7,000 டன்னில் தொடங்கி 15,000 டன்னைத் தாண்டுகின்றன. சீனா தன் 055 ரகத்தை நாசகாரி என்கிறது. அமெரிக்கா அதையே, நாசகாரியைவிடப் பெரிய ரகமான குரூசர் கணக்கில் சேர்க்கிறது. பெயர்ப்பலகையைப் பார்த்துக் கப்பலை எடை போட முடியாது.

கேள்வி: சீனாவின் 055 ரகக் கப்பலில் 112 ஏவுகணை அறைகள். நம் விசாகப்பட்டினம் ரகத்தில் 48தான். நாம் பின்தங்கிவிட்டோமா? (திருப்பூர்)

ஏவுகணை அறை என்பது கப்பலின் தளத்துக்குள் செங்குத்தாகப் பதித்த ஏவுகுழாய். எண்ணிக்கையில் ஆம், சந்தேகமே இல்லை. நம்முடையதில் விமானத்தைச் சுடும் பராக்-8 ஏவுகணைக்கு 32, கப்பலைச் சுடும் பிரமோஸுக்கு 16. அந்தந்த அறையில் அதை அதை மட்டும்தான் வைக்கலாம். சீனக் கப்பலின் அறைகள் பொது அறைகள். விமானத்தைச் சுடுவதோ கப்பலைச் சுடுவதோ, அன்றைய தேவைக்கு ஏற்ப எதையும் நிரப்பிக்கொள்ளலாம். எண்ணிக்கையைவிட இந்த வசதிதான் எனக்குப் பொறாமை தருகிறது.

ஆனால் இரண்டு கப்பலும் ஒரே எடைப்பிரிவு இல்லை. நம்முடையது 163 மீட்டர் நீளம், 7,400 டன். அது 180 மீட்டர், 12,000 டன்னுக்கு மேல். லாரியையும் வேனையும் பக்கத்தில் நிறுத்தி மூட்டை எண்ணுவது போன்றது இந்த ஒப்பீடு. பிரமோஸ் ஒவ்வொன்றும் மூன்று டன் கனம், ஒலியைப் போல் ஏறத்தாழ மூன்று மடங்கு வேகம். அத்தகைய 16 ஏவுகணைகளை எந்த எதிரியும் சாதாரணமாக எடுத்துக்கொள்ள மாட்டான்.

எனக்குக் கவலை தருவது வேறு கணக்கு. 2018 ஜூலை 3 அன்று தாலியன் கப்பல் தளத்தில் 055 ரகக் கப்பல்கள் இரண்டை ஒரே நாளில் நீரில் இறக்கினார்கள். அந்த ரகத்தின் முதல் கப்பலான 'நான்சாங்' 2017 ஜூனில் நீரில் இறங்கி 2020 ஜனவரியில் கடற்படையில் சேர்ந்தது. மும்பை மஸகான் தளத்தில் கட்டிய ஐ.என்.எஸ். விசாகப்பட்டினம் நீரில் இறங்கியது 2015 ஏப்ரலில், கடற்படையில் சேர்ந்தது 2021 நவம்பரில். இரண்டரை ஆண்டு எங்கே, ஆறரை ஆண்டு எங்கே! ஒரு நல்ல செய்தி: அடுத்த மூன்றும் – மோர்முகாவ், இம்பால், சூரத் – 2022 டிசம்பர் முதல் 2025 ஜனவரிக்குள் வரிசையாக வந்துவிட்டன. கை பழகிவிட்டது. பழகிய கை அடுத்த ரகத்துக்கான உத்தரவு வரும்வரை சும்மா இருக்கக்கூடாது. வெல்டர்கள் வேறு வேலை தேடிப் போய்விடுவார்கள்.

கேள்வி: அமெரிக்காவின் 'சம்வால்ட்' உலகிலேயே நவீனமான நாசகாரி என்று படித்தேன். பிறகு அது தோல்வி என்றும் படித்தேன். எது உண்மை? (மதுரை)

இரண்டுமே. 32 கப்பல் கட்டுவதாகத் தொடங்கி மூன்றோடு நிறுத்திய கதை அது.

முதல் கப்பல் 2016 அக்டோபரில் கடற்படையில் சேர்ந்தது. கிட்டத்தட்ட 16,000 டன். ஆனால் எதிரி ரேடாரில் ஒரு மீன்பிடிப் படகளவே தெரியும் என்றார்கள். பக்கச்சுவர்கள் மேலே போகப் போக உள்நோக்கிச் சாய்ந்திருக்கும். அதன் முன்பகுதியில் இரண்டு 155 மில்லிமீட்டர் பீரங்கிகள். கரையிலிருக்கும் இலக்கை நூறு கிலோமீட்டருக்கு அப்பாலிருந்து குறிதவறாமல் அடிக்க, தனக்குத்தானே வழி தேடிப் போகும் குண்டு ஒன்றைத் தனியாக வடிவமைத்தார்கள். அந்தக் குண்டு இந்தப் பீரங்கிக்கு மட்டும்தான் பொருந்தும். பீரங்கி இந்தக் கப்பலில் மட்டும்தான் உண்டு. கப்பல் 32இலிருந்து மூன்றாகக் குறைந்ததும், குண்டு செய்யும் தொழிற்சாலைச் செலவு முழுவதும் அந்த மூன்றின் தலையில் விழுந்தது. ஒரு குண்டின் விலை ஏறக்குறைய எட்டு லட்சம் டாலர் ஆயிற்று. 2016இலேயே குண்டு வாங்குவதைக் கைவிட்டார்கள். கடலில் மிதக்கும் உலகின் விலையுயர்ந்த பீரங்கிகள் குண்டே இல்லாமல் நின்றன. கல்யாண மண்டபம் கட்டி முடித்தபின் சமையற்கட்டுக்கு அடுப்பு கட்டுப்படியாகவில்லை என்றால் எப்படி இருக்கும்?

அதே ஆண்டு நவம்பரில் பனாமா கால்வாயைக் கடக்கும்போது சுழல்தண்டைத் தாங்கும் பேரிங்குகளுக்குள் கடல்நீர் புகுந்து, உந்துவிசை போய், கால்வாயின் மதகுச்சுவரில் உராய்ந்து, இழுவைப் படகுகள் வந்து இழுத்துப் போக நேர்ந்தது.

இவ்வளவும் சொன்னாலும் அந்தக் கப்பலில் ஒரு விஷயத்தைப் பார்த்து நான் தொப்பியைக் கழற்றுவேன். அதன் மின்நிலையம் 78 மெகாவாட். பழைய கப்பல்களில் ஒரு இயந்திரம் கப்பலை உந்தும் சுழலியைத் திருப்பும், வேறொரு இயந்திரம் விளக்கை எரிக்கும். இதில் எல்லா இயந்திரமும் மின்சாரமே தயாரிக்கும். அந்த மின்சாரத்தைச் சுழலிக்கோ ரேடாருக்கோ நாளைய லேசருக்கோ விருப்பம்போல் திருப்பிவிடலாம். இப்போது அமெரிக்காவின் மிசிசிப்பி மாநிலத்து பாஸ்ககூலா கப்பல் தளத்தில் பீரங்கிகளைப் பிடுங்கிவிட்டு, அந்த இடத்தில் ஒலியைவிட ஐந்து மடங்குக்கு மேல் வேகமாகப் போகும் ஏவுகணைகளுக்குக் குழாய் பொருத்துகிறார்கள். இடமும் மின்சாரமும் மிச்சம் இருந்ததால்தான் இந்த மறுவாழ்வு.

கேள்வி: அமெரிக்காவின் ஆர்லி பர்க் ரக நாசகாரி 1991 முதல் ஓடுகிறது, எழுபதுக்கு மேல் இருக்கின்றன. நன்றாகத்தானே இருக்கிறது, எதற்குப் புதியது? (சேலம்)

வீட்டில் பழைய ஒயரிங்கிலேயே ஏசி மேல் ஏசியாகப் போட்டால் என்ன ஆகும்? அதுதான் நிலைமை. 2023 அக்டோபரில் சேர்ந்த 'ஜாக் எச். லூகாஸ்' அந்த ரகத்தின் மூன்றாம் தலைமுறை. புதிய எஸ்.பி.ஒய்-6 ரேடாரைப் பொருத்துவதற்காக ஜெனரேட்டர்களை எல்லாம் நான்கு மெகாவாட்டுக்கு உயர்த்தினார்கள், மின்னழுத்தத்தையே மாற்றினார்கள், குளிரூட்டும் இயந்திரங்களையும் பெரிதாக்கினார்கள். அதோடு உடல் நிரம்பிவிட்டது. இனி ஒரு பெட்டி வைப்பதென்றால் இன்னொன்றை இறக்கவேண்டும். அடுத்த தலைமுறைக்கு அவர்கள் வரைந்த கப்பல் 13,500 டன் வரை வீங்கியதற்கு இதுவே காரணம்.

குளிரூட்டல் என்றதும் பலர் மாலுமிகளின் வசதி என்று நினைக்கிறார்கள். உண்மையில் ரேடாரின் சூட்டைத் தணிக்கவே குளிர்நீர் ஓடிக்கொண்டிருக்கவேண்டும்; அந்தச் சூட்டைக் கடைசியில் வாங்கிக்கொள்வது கடல்நீர். நான் வேலை பார்த்த ஒரு கப்பலில் ஒரு மே மாதப் பகலில் கடல்நீர் உறிஞ்சும் வாயைச் சொறி மீன்கள் அடைத்துக்கொண்டன. சல்லடையைத் திறந்தால் கண்ணாடிக் கூழ்போல வாளி வாளியாக வருகிறது. கையெல்லாம் தடித்து அரிக்கிறது. பத்து நிமிடத்தில் ரேடார் அறையிலிருந்து முதல் அழைப்பு, "குளிர்நீர் எங்கே?" என்று. இருபதாவது நிமிடம் அவர்களே ரேடாரை அணைத்துவிட்டார்கள், இல்லாவிட்டால் கருகியிருக்கும். எத்தனை ஏவுகணை இருந்தும் அந்த ஒரு மணி நேரம் நாங்கள் குருடர்கள்.

கேள்வி: பிரிட்டிஷ் நாசகாரிகள் வெந்நீரில் நின்றுவிடும் என்கிறார்களே, கேலியா? (நாகப்பட்டினம்)

கேலி போலத் தோன்றும் உண்மை. 45ஆம் ரகக் கப்பல்கள் ஆறும் புதுவகை கேஸ் டர்பைன் (எரியும் வாயுவின் வேகத்தில் சுழலும் இயந்திரம்) கொண்டவை. புகைபோக்கியில் வீணாகும் வெப்பத்தைத் திரும்பப் பிடித்து எரிபொருளை மிச்சப்படுத்துவது அதன் சாமர்த்தியம். வளைகுடாவின் சூட்டில் அந்த அமைப்பு திணறியது. டர்பைனின் சக்தி சட்டென்று இறங்க, சுமையைத் தாங்க இரண்டே டீசல் ஜெனரேட்டர்கள், அவையும் சிறியவை. தாங்காமல் துண்டித்துக்கொள்ள, கப்பலே இருட்டில். 2016இல் நாடாளுமன்றக் குழு முன் வந்த தயாரிப்பாளர்கள், இவ்வளவு வெப்பத்தில் இவ்வளவு காலம் ஓடும் என்று எங்களுக்குச் சொல்லப்படவில்லை என்ற பொருள்பட விளக்கம் சொன்னார்கள். இப்போது இரண்டு டீசலை எடுத்துவிட்டுப் பெரிதாக மூன்று வைக்கிறார்கள். அதற்காகக் கப்பலின் விலாவை அறுத்துத் திறக்கவேண்டியிருக்கிறது. வாங்கும்போதே மூன்று வைத்திருக்கலாம். பணம் மிச்சம் பிடித்தவர் யாரென்று யாரும் கேட்கவில்லை.

கேள்வி: செங்கடலில் மலிவான டிரோனை வீழ்த்தக் கோடிக்கணக்கில் ஏவுகணையைச் செலவிடுவது முட்டாள்தனம் இல்லையா? (கொழும்பு)

உங்கள் கணக்கு சரி, ஆனால் ஒரு வரியை விட்டுவிட்டீர்கள். ஏமனின் ஹூதி கிளர்ச்சியாளர்கள் ஏவும் டிரோன் சில பத்தாயிரம் டாலர்; அதை வீழ்த்தும் எஸ்.எம்-2 ஏவுகணை சுமார் இருபது லட்சம் டாலர். ஆனால் அந்த டிரோன் தேடி வருவது ஏவுகணையை அல்லவே. நூறு கோடி டாலருக்கு மேல் மதிப்புள்ள கப்பலையும் முந்நூறு உயிர்களையும். தளபதி சுடத்தான் செய்வார், நானாக இருந்தாலும் சுடுவேன்.

மெய்யான தலைவலி, சுட்டபின் அறை காலியாகிவிடுவது. 2023 அக்டோபர் 19 அன்று அமெரிக்கக் கப்பல் 'கார்னி' சுமார் பத்து மணி நேரத்தில் நான்கு ஏவுகணைகளையும் பதினைந்து டிரோன்களையும் வீழ்த்தியது. அப்படி நான்கு நாள் போனால்? காலியான செங்குத்து அறையை நடுக்கடலில் நிரப்பும் வழக்கம் இன்றுவரை வரவில்லை. ஏழு மீட்டர் நீளமுள்ள குழாயைக் கிரேனில் தூக்கி, செங்குத்தாக நிறுத்தி, சில மில்லிமீட்டர் இடைவெளிகூடத் தவறாமல் இறக்கவேண்டும். அமைதியான துறைமுகத்திலேயே மூச்சைப் பிடித்துக்கொண்டு செய்யும் வேலை அது. அலையில் ஆடும் இரண்டு கப்பல்களுக்கு இடையே நினைத்துப் பாருங்கள். ஆகவே கப்பல் களத்தை விட்டு நாள்கணக்கில் பயணம் செய்து துறைமுகம் தேடுகிறது. 2024 அக்டோபரில் சான் டியாகோ கரைக்கு அப்பால் 'சோசின்' என்ற கப்பலில், ஓடிக்கொண்டிருக்கும்போதே வெற்றுக் குழாய் ஒன்றை ஏற்றி இறக்கிப் பார்த்தார்கள். பத்திரிகைகள் இரண்டு பத்தியோடு முடித்துக்கொண்டன. என் கணக்கில் புதிய ஏவுகணை எதையும்விட அந்தக் கிரேன் முக்கியமானது.

கேள்வி: லேசர் வந்துவிட்டால் இந்தப் பிரச்சினை தீர்ந்துவிடும்தானே? (அதே வாசகர்)

பாதி தீரும். அமெரிக்காவின் 'பிரெபிள்' நாசகாரியில் 60 கிலோவாட் அளவுள்ள லேசர் பொருத்தி டிரோன் மீது சோதித்துவிட்டார்கள். மின்சாரம் இருக்கும்வரை குண்டு தீராது. ஆனால் மூடுபனி, உப்புத்துளி, மழை, எல்லாம் ஒளியைத் தின்னும். மேலும் லேசர் வாங்கும் மின்சாரத்தில் பெரும்பகுதி வெப்பமாகவே கப்பலுக்குள் தங்கும். மறுபடியும் குளிர்நீர்!

கேள்வி: உக்ரைன் போரால் நம் கப்பல்களுக்குப் பாதிப்பு உண்டா? (விருதுநகர்)

உண்டு. விசாகப்பட்டினம் ரகத்தின் கேஸ் டர்பைன்கள் உக்ரைனின் மிகொலாயிவ் நகரத்துத் தொழிற்சாலை தந்தவை. அதே ஊரில்தான் நம் பழைய ஐ.என்.எஸ். ராஜ்புத்தும் கட்டப்பட்டது, 1980இல் சேர்ந்து 2021இல் விடைபெற்ற கிழவர் அவர். போர்க்காலத்தில் உதிரிபாகத்துக்கு அங்கே போய் நிற்கமுடியாது. நாசகாரியைவிடச் சிறிய நீலகிரி ரக ஃபிரிகேட்டுகளுக்கு அமெரிக்க வடிவமைப்பிலான எல்.எம்-2500 டர்பைன் போயிருக்கிறது. அடுத்த நாசகாரி 10,000 டன்னைத் தாண்டும் என்கிறார்கள். அதில் எந்த டர்பைன் என்று முடிவாகும் நாளில்தான் அந்தத் திட்டத்தை நான் நம்பத் தொடங்குவேன்.

கேள்வி: ஐ.என்.எஸ். சென்னை ஏன் சென்னையில் இல்லை? (பெரம்பூர்)

அது மேற்குக் கடற்படைப் பிரிவைச் சேர்ந்தது, வீடு மும்பை. ஊர்ப்பெயர் வைப்பது மரியாதைக்கு; முகவரிக்கு அல்ல. 2024 ஜனவரியில் சோமாலியா அருகே 'லீலா நார்ஃபோக்' சரக்குக் கப்பலைக் கடத்த முயன்றபோது ஓடிப்போய் நின்றது நம்ம சென்னைதான்.

கேள்வி: பன்னிரண்டாம் வகுப்பு படிக்கிறேன். போர்க்கப்பல் வடிவமைக்க என்ன படிக்கவேண்டும்? (கன்னியாகுமரி)

கப்பல் வடிவமைப்பும் கட்டுமானமும் படி, மகளே. சென்னை ஐ.ஐ.டி.யிலும் கொச்சி அறிவியல் தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்திலும் இந்திய கடல்சார் பல்கலைக்கழகத்திலும் பாடம் உண்டு. நம் கடற்படை தன் கப்பல்களைத் தானே வரையும் வடிவமைப்பு அலுவலகத்தை வைத்திருக்கிறது. உலகில் பல கடற்படைகளுக்கு அது இல்லை. மின்பொறியியலையும் ஓரக்கண்ணால் பார்த்துக்கொள். முதல் விடுமுறையில் குளச்சல் துறைமுகத்துக்குப் போய், ஒரு விசைப்படகின் இயந்திர அறைக்குள் கால் மணி நேரம் உட்கார்ந்து பார். அந்தச் சூடும் டீசல் வாடையும் பிடித்திருந்தால் எனக்கு மறுபடி எழுது.