பறவையியல் படித்தவர் ஏன் கேமராவைத் தூக்குகிறார்?

கேள்வி: பறவை ஆய்வாளர் ஒருவர் காட்டுயிர்ப் படமெடுக்க வந்தால் அந்தப் படிப்பு வீண்தானே?

வீண் இல்லை, அதுதான் மூலதனமே. ஜெர்மனியின் ஹைன்ஸ் சீல்மனைப் பாருங்கள். 1917-இல் பிறந்தவர், பறவைகள்மேல் பித்துக் கொண்டு உயிரியல் படித்தவர். 1950-களில் மரங்கொத்தியின் பொந்துக்குள் நடப்பதைப் படமாக்கினார். மரத்தின் பின்பக்கத்தை வெட்டித் திறந்து, கண்ணாடி பொருத்தி, அதன் வழியே படமெடுத்தார். சொல்ல எளிது. எந்தக் கட்டத்தில் தொந்தரவு செய்தால் பறவை கூட்டைக் கைவிடும், வெளிச்சத்துக்கு அதை எப்படி மெல்லப் பழக்குவது என்று தெரியாதவர் கைவைத்தால் குஞ்சுகள்தான் சாகும். (இன்று இதைப் பார்த்து யாரும் முயலவேண்டாம், சிறு கேமராக்கள் வந்துவிட்டன.)

1955-இல் பிபிசியில் அது ஒளிபரப்பானபோது பிரிட்டன் பார்வையாளர்கள் அசந்துபோனார்கள். ஆய்வுக் கட்டுரையைச் சக ஆய்வாளர்கள்தான் படிப்பார்கள். தொலைக்காட்சி வீட்டுக்குள்ளேயே போய்விடும்.

சரி, இதனால் பறவைக்கு என்ன லாபம்? படம் மட்டும் காட்டைக் காப்பாற்றாது என்பது என் கருத்து. சீல்மனும் படத்தோடு நிற்கவில்லை. 1994-இல் மனைவியோடு சேர்ந்து ஓர் அறக்கட்டளை தொடங்கினார். பெர்லின் அருகே ராணுவப் பயிற்சிக்களமாக இருந்த டோபரிட்ஸ் புல்வெளியை அது பின்னர் வாங்கியது. இப்போது அங்கே ஐரோப்பியக் காட்டெருமைகள் மேய்கின்றன.